தவளை அண்ணனின் பதினாறு சேனல்

கிள்ளான் பள்ளத்தாக்கில் எதிரியே இல்லாமல் எதிரிக்குப் பயந்து வாழ்கிற ஒரே மனிதர் எங்கள் தவளை அண்ணன்தான். சும்மா சொல்லவில்லை. அவருக்கு விரோதி என்று யாராவது இருந்தால் பத்திரிகை அலுவலகத்துக்கு எழுதிப் போடுங்கள், நான் இந்தப் பக்கம் எழுதுவதையே நிறுத்திவிடுகிறேன். அவருக்குக் கட்சி கிடையாது, பக்கத்து வீட்டுத் தகராறு கிடையாது, கல்யாணமே ஆகாததால் ஒரு மைத்துனன்கூடக் கிடையாது. ஆனாலும் எந்த இடத்திலும் சேர்ந்தாற்போல் இரண்டு நிமிடம் உட்காரமாட்டார். கேட்டால், "ஒரே எடத்துல குந்திக்கிட்டு இருந்தா எதிரி புடிச்சிருவான்லா" என்பார்.

பிரிக்பீல்ட்ஸ் வாழையிலைக் கடையில் அவர் சாப்பிடுவதைப் பார்க்க வேண்டும். சாம்பார் ஒரு மேசையில், ரசம் இன்னொரு மேசையில், மோர் கல்லாப்பெட்டிக்குப் பக்கத்தில். இலையை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு நடு ஹாலில் அவர் நகர்கிறபோது ஊர்வலம் வருகிறதென்று மற்றவர்கள் வழிவிடுவார்கள். பரிமாறுகிற அக்கா ஒருநாள் பொறுமை இழந்து கத்திவிட்டார். "அங்கிள், நீங்க எங்க இருக்கீங்கன்னு தெரிஞ்சாத்தானே அப்பளம் வெக்க முடியும்!" அண்ணன் முகத்தில் அப்படியொரு பூரிப்பு. "பாத்தியா, அந்தப் புள்ளையாலயே புடிக்க முடியல" என்று என்னிடம் கிசுகிசுத்தார்.

பெடரல் நெடுஞ்சாலையில் கார் ஓட்டினாலும் இதே கதைதான். இந்த லேனிலிருந்து அந்த லேன், அந்த லேனிலிருந்து மறுபடி இந்த லேன். ஒருமுறை கோலாலம்பூரிலிருந்து அவர் காரில் அவரும் என் காரில் நானும் ஒன்றாகக் கிளம்பினோம். நான் ஒரே லேனில் ஒரு லோரிக்குப் பின்னால் சிவனே என்று வந்து, கிள்ளானில் வீடு சேர்ந்து, குளித்து, டீ குடித்து முடித்த பிறகு போன் வந்தது. "தம்பி, நான் ஷா ஆலம் தாண்டிட்டேன். எவனும் என்னைத் தொடர முடியல." உண்மைதான். அவ்வளவு மெதுவாகப் போகிற காரை யாராலும் தொடர முடியாது.

அடையாள அட்டையில் அவருக்கு ஒரு பெயர் இருக்கத்தான் வேண்டும். எனக்குத் தெரியாது, கேட்டதுமில்லை. பிரிக்பீல்ட்ஸில் ஒரு மாடி அறையில் வாக்கி-டாக்கி வாடகைக் கடை வைத்திருக்கிறார். கல்யாண மண்டபக்காரர்கள், மேடை நிகழ்ச்சி நடத்துபவர்கள், கோயில் கமிட்டிகள் எல்லாரும் அவரிடம்தான் கருவி எடுப்பார்கள். வீடு கிள்ளானில், எங்கள் கோயிலுக்கு இரண்டு தெரு தள்ளி. ரதத் திருவிழா நடக்கிற அந்த ஒரு நாளைக்கு மட்டும் கருவிகளை வாடகையில்லாமல் கொண்டுவந்து, தொண்டர்கள் நாற்பது பேரின் கையிலும் கொடுத்து, அவரே கட்டுப்பாட்டு அதிகாரியாக இருப்பார். வருடம் முழுக்க யாரும் காதுகொடுத்துக் கேட்காத அந்த மனிதர் பேச்சை அன்றைக்கு மட்டும் நாற்பது காதுகள் கேட்கும். அதற்காகவே அவர் மற்ற நாட்களைத் தள்ளிக்கொண்டிருந்தார் என்று நான் அடித்துச் சொல்வேன்.

இந்தத் தாவுகிற பைத்தியம் அவருக்கு எங்கே பிடித்தது? பெட்டாலிங் ஜெயா தொழிற்சாலை ஒன்றில் ரேடியோ பழுது பார்த்த காலத்தில் என்று ஒருமுறை சொன்னார். இன்னொரு முறை கேட்டபோது தொழிற்சாலை கிள்ளானுக்கு அப்பால் மேரு என்கிற ஊருக்குப் போய்விட்டது. ஆனால் விஷயத்தை எனக்கு விளக்கிச் சொன்ன இடம் நன்றாக நினைவிருக்கிறது. எங்கள் தெருமுனையில் தமிழ் முஸ்லிம்கள் நடத்துகிற மாமாக் கடை. அண்ணன் மூன்று தட்டில் மூன்று ரொட்டி சானாய் வரவழைத்தார்.

"இப்ப இந்த மூணு தட்டும் மூணு சேனல். அந்த ஈ இருக்கே, அதுதான் எதிரி. நான் ஒரே தட்டுல தின்னுக்கிட்டு இருந்தா ஈ வந்து அதுலயே உக்காந்துக்கும். சோறு போச்சு. அதனால நான் என்னா செய்யறேன்? இதுல ஒரு வாய், அதுல ஒரு வாய், அடுத்து இதுல ஒரு வாய். ஈ இங்க வரும்போது நான் அங்க. அது அங்க வரும்போது நான் இங்க."

"அண்ணே, இது என் தட்டு."

"சேனல் பத்தலைன்னா பக்கத்துல இருக்கறதையும் சேத்துக்க வேண்டியதுதான்" என்று என் ரொட்டியைப் பிய்த்து வாயில் போட்டுக்கொண்டார். "ராணுவத்துல இருக்கற செட்டு ஒரு வினாடிக்கு நூறு தடவைக்கு மேல தாவும்லா. பேசறவன் செட்டும் கேக்கறவன் செட்டும் ஒரே நேரத்துல, ஒரே வரிசையில தாவும். அந்த வரிசை அவங்க ரெண்டு பேருக்கு மட்டும்தான் தெரியும். எதிரி ஒரு சேனலை அடைச்சு வெச்சாலும் ஒரு துளிதான் போகும், மிச்சமெல்லாம் வந்து சேந்துரும். ஏன், உன் காதுல மாட்டியிருக்கியே புளூடூத்து, அதுவும் தாவுறதுதான். சும்மா நெனைக்காத." சொல்லிவிட்டு என் காதை நோக்கி ஒரு கும்பிடு போட்டார். பக்கத்து மேசைக்காரர் நான் யாரோ பெரிய மனிதர் என்று நினைத்துக்கொண்டு எழுந்து நின்றார்.

சிக்கல் என்னவென்றால், அண்ணன் கடையில் இருந்த கருவிகள் எதுவும் தானாகத் தாவாது. பதினாறு சேனல், தலையில் ஒரு குமிழ், திருப்பினால் மாறும், அவ்வளவுதான். பள்ளத்தாக்கில் பாதிப் பேர் கையில் அதே மாதிரி கருவிதான் இருக்கிறது. அதனால்தான் நான் சொல்லவரும் திருவிழாவுக்கு முந்தின வருடம் ஒரு கூத்து நடந்தது.

எங்கள் ரதத்தின் உச்சியில் இருக்கும் கலசத்தை ஒரு கைப்பிடியைச் சுற்றி ஏற்றி இறக்கலாம். தெருவில் தாழ்வாகக் கேபிள் ஓடுகிற இடங்களில் இறக்கிவிட்டு, தாண்டியதும் ஏற்ற வேண்டும். அந்தக் கைப்பிடி வேலை மணியத்துக்கு. ஆள் நல்ல பலசாலி, ஆனால் ரதத்தின் பின்பக்கம் பார்த்து உட்கார்ந்திருப்பதால் முன்னால் வருவது எதுவும் தெரியாது. வாக்கி-டாக்கியில் என்ன வருகிறதோ அதைச் செய்வார். அந்த வருடம் பக்கத்தில் ஒரு கொண்டோ அடுக்குமாடி கட்டிக்கொண்டிருந்தார்கள். அங்கே கிரேன் ஓட்டுகிறவருக்குக் கீழே நின்று மலாயில் உத்தரவு கொடுக்கிற ஆள் எங்கள் சேனலிலேயே வந்துவிட்டார். "துருன்! துருன் லாகி!" என்று அவர் கத்த, மணியம் கலசத்தை இறக்கினார். "நாயிக் சிக்கிட்!" என்று அவர் கத்த, மணியம் கொஞ்சம் ஏற்றினார். பாதி ஊர்வலம் முழுக்க எங்கள் கலசம் ஒரு கிரேனுக்குக் கீழ்ப்படிந்து ஏறி ஏறி இறங்கியது. பக்தர்கள் சாமிக்கு ஏதோ அருள் வந்துவிட்டதென்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். அந்தப் பக்கம் கிரேன் டிரைவர் "அரோகரா" என்ற உத்தரவு புரியாமல் இரும்புக் கம்பிக் கட்டை அந்தரத்திலேயே நிறுத்திவிட்டு மாக்கானுக்கு, அதாவது சாப்பாட்டுக்கு, போய்விட்டாராம்.

டத்தோ பட்டம் வாங்கிய எங்கள் கோயில் தலைவருக்கு இது பிடிக்கவில்லை. பெட்டாலிங் ஜெயாவிலிருந்து புதிதாக வந்து தலைவர் ஆனவர், எதையும் ஒழுங்காகச் செய்ய வேண்டும் என்று நினைப்பவர். கெட்டவர் இல்லை. கமிட்டிக் கூட்டத்தில் அண்ணனை நிறுத்திவைத்து எல்லார் முன்னாலும் சொன்னார்.

"மிஸ்டர் தவளை, இந்த வருஷம் ஒரே ஒரு தடங்கல் வந்தாலும் அடுத்த வருஷம் இந்த வேலை உங்களுக்கு இல்ல. ஷா ஆலம்ல ஒரு கம்பெனி இருக்கு, பேசிட்டேன். நீங்க வீட்டுல ரெஸ்ட் எடுங்க."

அண்ணன் அன்றைக்கு ஒரே நாற்காலியில் கூட்டம் முடியும்வரை உட்கார்ந்திருந்தார்.

மறுநாள் காலையில் என் வீட்டுக் கதவு தட்டப்பட்டது. "தம்பி, கண்டுபுடிச்சிட்டேன்! செட்டு தாவலைன்னா என்னா? நம்ம தாவுவோம்!"

திட்டம் இதுதான். நாற்பது பேரும் ஒரே நேரத்தில், ஒரே வரிசையில் கையால் குமிழைத் திருப்பிச் சேனல் மாற்ற வேண்டும். ஒரே நேரத்தில் எப்படி? உறுமி மேளம் இருக்கிறதே! ஒவ்வொரு சுற்று முடிவிலும் மூன்று அடி அடித்து நிறுத்துவார்கள். மூன்றாவது அடியில் எல்லாரும் திருப்ப வேண்டும். எங்கள் உறுமிச் சத்தம் மேருவரைக்கும் கேட்கும், அதனால் எங்கே நின்றாலும் கவலையில்லை.

ஒரே வரிசையில் எப்படி? அண்ணன் வரிசையை எழுதிக் கொடுக்கமாட்டேன் என்றார். எழுதினால் எதிரி படித்துவிடுவான். மனப்பாடம் செய்யலாம் என்றால் எங்கள் தொண்டர்களில் பாதிப் பேருக்குச் சொந்த மகன் போன் நம்பரே தெரியாது. ஆனால் ஒன்று தெரியும். நாலு நம்பர் லாட்டரி. எங்கள் ஆட்கள் ஒவ்வொருவருக்கும் காலம்காலமாக எடுக்கிற ஒரு நம்பர் உண்டு. கார் நம்பரோ, மகள் பிறந்த தேதியோ, எதுவோ. வாரம் தவறாமல் அதையே எடுப்பார்கள், வாரம் தவறாமல் அது அடிக்காது, வாரம் தவறாமல் டீக்கடையில் உட்கார்ந்து அதைச் சொல்லிச் சொல்லிப் புலம்புவார்கள். ஆகவே எல்லார் நம்பரும் எல்லாருக்கும் தலைகீழ்ப் பாடம்.

"மொதல்ல கிச்சன் சரோஜா நம்பர், அப்புறம் உன் நம்பர், அப்புறம் மணியம் நம்பர்" என்றார் அண்ணன். "ஏழுன்னா ஏழாவது சேனல். பூஜ்யம்னா பத்தாவது."

"மிச்சம் ஆறு சேனல் இருக்கேண்ணே?"

"அதை எதிரிக்கு விட்டுடுவோம். பாவம், அவனும் எங்க போவான்?"

என் நம்பர் என்ன என்று கேட்காதீர்கள். நான் சொல்லி, நீங்கள் எடுத்து, அது உங்களுக்கு அடித்துவிட்டால் எனக்கு வயிறு எரியும்.

முதல் ஒத்திகையில் எல்லாம் அமர்க்களமாகப் போனது, மணியம் நம்பர் வரும்வரைக்கும். அந்த நாலு சேனலில் மணியத்தைத் தவிர எல்லாரும் இருந்தார்கள். மணியம் மட்டும் வேறெங்கோ ஒரு சேனலில் ஒரு பள்ளி பஸ்காரரிடம் மாட்டிக்கொண்டு, அடுத்த தெருவில் இறக்கிவிட வேண்டிய பிள்ளையைப் பற்றிப் பதில் சொல்லிக்கொண்டிருந்தார். பிடித்து உலுக்கியதில் உண்மை வந்தது. போன வாரம் கனவில் பாம்பு வந்ததாம். நம்பரை மாற்றிவிட்டாராம். வெளியே சொன்னால் ராசி போய்விடும் என்று வாயே திறக்கவில்லை.

"உன் நம்பரை நீயே தப்பாப் போட்டா நாங்க எங்கடா வந்து உன்னைத் தேடறது?" என்று அண்ணன் தலையில் அடித்துக்கொண்டார். அப்புறம் எல்லாரையும் வரிசையாக நிற்கவைத்து ஒரு சட்டம் போட்டார். திருவிழா முடிகிறவரைக்கும் யாரும் கனவு காணக்கூடாது. கண்டாலும் பழைய நம்பரோடு இருக்க வேண்டும்.

டத்தோவுக்கும் ஒரு கருவி உண்டு, தலைவர் ஆயிற்றே. அவர் குமிழெல்லாம் திருப்பமாட்டார் என்பதால் அவருடைய டிரைவர் ரவிக்குப் பயிற்சி நடந்தது. ரவி எங்கள் ஊர்க்காரர் இல்லை, டத்தோவோடு பெட்டாலிங் ஜெயாவிலிருந்து வந்தவர். ஆனாலும் ஒரே வாரத்தில் எல்லார் நம்பரையும் உருப்போட்டு, தூக்கத்தில் கேட்டாலும் சொல்கிற அளவுக்கு வந்துவிட்டார். அண்ணனுக்கு அவர் மேல் ஏகப்பட்ட பெருமை. "நாப்பது பேர்ல இவன் ஒருத்தன்தான்லா தப்பே பண்ண மாட்டான்" என்றார். வரப்போகிற வினை அந்த வாயிலிருந்தே வந்தது.

திருவிழா நாள் காலை. வெயில் ஏறுவதற்குள் ரதம் கிளம்பிவிட்டது. உறுமி மூன்று அடி அடிக்க, நாற்பது கைகள் நாற்பது குமிழைத் திருப்பின. என்னவென்று சொல்வது! கிரேன்காரர் ஒரு சேனலில் "நாயிக்" என்று ஆரம்பிப்பார். "சிக்கிட்" வருவதற்குள் நாங்கள் அங்கே இருக்கமாட்டோம். இன்னொரு சேனலில் யாரோ டுரியான் விலை பேசிக்கொண்டிருப்பார், விலை சொல்வதற்குள் நாங்கள் பறந்துவிடுவோம். உறுமிக்காரர்களுக்கு உற்சாகம் ஏற ஏறச் சுற்று சின்னதாகிக்கொண்டே போனது. அன்னதானச் சமையல் பொறுப்பில் இருந்த சரோஜா அக்கா ஒரு வாக்கியத்தை மூன்று சேனலில் பேச வேண்டியதாயிற்று. ஏழில் "சாம்பார்", இரண்டில் "பத்தாதுன்னு", ஒன்பதில் "தோணுது, பருப்பு அனுப்புங்க." ஒரு சொல்கூடச் சிந்தாமல் வந்து சேர்ந்தது, பருப்பும் போய்ச் சேர்ந்தது. அண்ணன் நடுத்தெருவில் நின்று கையைத் தட்டினார். "இதான்லா! இதான் நெசமான தாவல்! இப்ப எவன் வேணும்னாலும் வாங்கடா!"

அவன் வந்தான்.

எனக்குத் தண்ணீர்ப் பந்தல் பொறுப்பு. பந்தல் இருந்தது கடைசித் திருப்பத்தில். அந்தத் திருப்பத்தில்தான் எல்லாவற்றையும்விடத் தாழ்வான கேபிள் ஓடுகிறது. ரதம் நெருங்கும்போது மணியத்துக்கு "இறக்கு" என்று சொல்ல வேண்டியவன் நான். அண்ணன் என் பக்கத்தில் நின்று மோர் குடித்துக்கொண்டிருந்தார். அப்போது கருவியில் ஒரு குரல் கேட்டது.

"கால் வலி உயிர் போவுதும்மா. இந்த வெயில்ல எவன் நடப்பான்? தலைவர்னா நடக்கணுமாம்."

டத்தோ! உறுமி மூன்று அடி அடித்தது. திருப்பினோம். அடுத்த சேனலிலும் டத்தோ. "இல்லம்மா, இங்க சாப்பிட மாட்டேன், வீட்டுலயே தயிர் சாதம் வெச்சிரு." மறுபடி திருப்பினோம். மறுபடியும் டத்தோ. எங்கே போனாலும் அவர் எங்களுக்கு முன்னால் வந்து உட்கார்ந்திருந்தார்.

அண்ணன் முகத்தில் ரத்தமே இல்லை. "அலாமாக்! எதிரி நம்ம கூடவே தாவறான்!"

நடந்தது இதுதான். ரதத்துக்கு முன்னால் நடந்து போன டத்தோ கருவியை இடுப்பில் செருகி, அதன் மேல் பட்டுத் துண்டை இறுக்கிக் கட்டியிருந்தார். பேசுகிற பொத்தான் துண்டில் மாட்டி அழுந்திவிட்டது. அழுத்தின பொத்தான் அழுத்தினபடியே இருந்தால் அந்தச் சேனலில் வேறு யாரும் வாயைத் திறக்க முடியாது. டத்தோ கைப்பேசியில் மனைவியோடு பேசுவதெல்லாம் இங்கே ஒலிபரப்பு. சரி, சேனல் மாற்றித் தப்பிக்கலாமே என்றால், தப்பே பண்ணாத நம்ம ரவி பக்கத்திலேயே நடந்து, ஒவ்வொரு மூன்றாவது அடிக்கும் டத்தோ இடுப்பில் இருந்த குமிழை ஒழுங்காகத் திருப்பிக்கொண்டே வந்தார்.

அடுத்த சேனலில்தான் அது வந்தது.

"யாரு, அந்தத் தவளையா? தடங்கல் ஒன்னும் வரலதான். ஆனா ஷா ஆலம்காரங்ககிட்ட வாக்குக் குடுத்துட்டேனே. வந்தாலும் வரலைன்னாலும் இதான் அவருக்குக் கடைசி வருஷம். வயசாயிருச்சும்மா, பாக்கவும் ஒரு மாதிரியா இருக்கு. நைசா அனுப்பிருவேன்."

நாற்பது பேரும் கேட்டோம். என் பக்கத்தில் நின்று அவரும் கேட்டார். கையிலிருந்த மோர்க் குவளையை மெதுவாக மேசைமேல் வைத்தார். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை.

"அண்ணே, போதும்ணே. விட்டுத் தள்ளுங்க. அந்தாளு கலசம் முட்டினா அந்தாளே பாத்துக்கட்டும்."

"அது அந்தாளு கலசம் இல்லலா" என்றார். பிறகு கண்ணை மூடிக்கொண்டு ஒரு கணம் நின்றார். "எதிரிக்கு நம்ம நம்பர் எல்லாம் தெரியும். தெரியாத நம்பர் ஒன்னு வேணும். நம்ம எல்லாருக்கும் தெரிஞ்சு, ரவிக்குத் தெரியாத நம்பர்." கண்ணைத் திறந்தார். "தம்பி, அய்யாவு நம்பருக்குப் போ!"

இந்த இடத்தில் ரதத்தைக் கொஞ்சம் நிறுத்திவைத்துவிட்டு அய்யாவுவைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். எங்களோடு தொண்டு செய்தவர், டத்தோ தலைவராக வருவதற்கு முன்பே இறந்துபோனார். எங்கள் வழக்கப்படி அவரை ஏற்றிப்போன வண்டியின் நம்பரை அத்தனை பேரும் அந்த வாரம் எடுத்தோம். அடிக்கவில்லை. "உசுரோட இருந்தப்பவும் நேரத்துக்கு வர மாட்டான்" என்று மணியம் திட்டினார், திட்டிவிட்டு அழுதார். அந்த நம்பரை எங்களில் யார் மறப்பார்கள்?

சரி, ரதம் கிளம்பட்டும். அண்ணன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கூட்டத்துக்குள் பாய்ந்தார். அறுபது தாண்டிய ஆள்! பால்குடத்துக்குக் குனிந்து, குழந்தை வண்டியைத் தாண்டி, கைவண்டி ஐஸ்கிரீம்காரரைச் சுற்றி, ஒவ்வொரு தொண்டர் காதிலும் "அய்யாவு நம்பர்! அய்யாவு நம்பர்!" என்று கத்திக்கொண்டே தாவித் தாவிப் போனார். பெயரை ஏன் வைத்தோம் என்று அன்றைக்குத்தான் எல்லாருக்கும் புரிந்தது. கடைசியில் ரதத்தின் படியிலேயே ஏறிவிட்டார். குருக்கள் ஆளை யாரென்று பார்க்காமல், "அர்ச்சனைத் தட்டு எங்கேய்யா?" என்று கையை நீட்டினார். அண்ணன் அவரைத் தாண்டி மணியத்தின் காலைப் பிடித்து இழுத்துக் காதில் கத்தினார்.

நான் அய்யாவு நம்பரின் முதல் சேனலுக்குப் போய்க் காத்திருந்தேன். பேச்சு மூச்சு இல்லை. கேபிளுக்கும் கலசத்துக்கும் நடுவில் இரண்டு வீட்டுத் தூரம்தான். சுற்றிலும் பெண்களும் பிள்ளைகளும். அப்போது மணியத்தின் குரல் வந்தது. "தண்ணிப் பந்தல், தண்ணிப் பந்தல், ரதம் மேல பேசறேன். வந்துட்டேன்."

"இறக்குய்யா! இறக்கு!"

கலசம் இறங்கியது. கேபிளுக்குக் கீழே ஒரு சாண் இடைவெளியில் வழுக்கிக்கொண்டு போனது. பக்தர்கள் "அரோகரா" என்றார்கள். என்ன தப்பியது என்று அவர்களுக்குத் தெரியாது.

அவ்வளவு தூரம் ஓடிப்போய் மணியத்தின் காதிலேயே கத்தியவர், அங்கேயே "இறக்கு" என்று சொல்லியிருக்கலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் பிறகு கேட்டேன். "அது தோணலலா" என்றார்.

ரதம் கோயிலுக்குள் நுழைந்ததும் எல்லாரும் ஒன்றாம் சேனலுக்குத் திரும்பிவிட வேண்டும் என்பது ஏற்பாடு. திரும்பினோம். ரவியும் சொல்லிக் கொடுத்தபடியே டத்தோ கருவியை ஒன்றாம் சேனலுக்குத் திருப்பினார். நான் பந்தலை மற்றவர்களிடம் விட்டுவிட்டுக் கோயில் வாசலுக்கு வந்திருந்தேன். மண்டபத்தில் டத்தோ மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்திருப்பதும், அண்ணன் அவரை நோக்கி நடப்பதும் தெரிந்தது. வேர்த்து ஒழுகி, வேட்டியில் மஞ்சள் தண்ணீர் கொட்டிய கோலத்தில் இருந்தார். போய் நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு வார்த்தை கேட்கப்போகிறார் என்று நான் கருவியை இறுக்கிப் பிடித்தேன். ஏனென்றால் அந்தப் பொத்தான் இன்னும் அழுந்தியேதான் இருந்தது. மண்டபத்தில் பேசுவதெல்லாம் எங்கள் நாற்பது பேர் காதிலும் விழுந்தது.

"டத்தோ, ஒரு நிமிசம். உங்க செட்டுல பட்டன் அழுந்தியிருக்கு. துண்டைக் கொஞ்சம் தளர்த்துங்க."

"என்னது? எப்பருந்து?" டத்தோ குரலே மாறிப்போனது. "நான் போன்ல பேசிக்கிட்டு... எல்லாருக்கும் கேட்டுருச்சா?"

தவளை அண்ணன் ஒரு வினாடிகூட யோசிக்கவில்லை.

"இப்பத்தான் டத்தோ அழுந்துச்சு. யாருக்கும் ஒன்னும் கேக்கல."

"நெசமாவா?"

"சத்தியமா டத்தோ. ஒருத்தருக்கும் கேக்கல."

டக்கென்று ஒரு சத்தம். பொத்தான் விடுபட்டது. எங்கள் கருவிகள் அமைதியாகின. அப்போது சமையற்கட்டிலிருந்து சரோஜா அக்கா குரல் வந்தது.

"கிச்சன். இங்க ஒன்னும் கேக்கல."

"ரதம் மேல, மணியம். எனக்கும் ஒன்னும் கேக்கல."

"வாசல் கார்பார்க். ஒன்னும் கேக்கல."

"செருப்பு ஸ்டாண்டு. சுத்தமா கேக்கல."

ஒவ்வொருவராக வந்தார்கள். யாரும் யாருக்கும் சொல்லவில்லை. என் முறைக்கு நானும் பொத்தானை அழுத்தினேன். "தண்ணிப் பந்தல். சத்தியமா ஒன்னும் கேக்கல." டத்தோ கையிலிருந்த கருவியையே பார்த்துக்கொண்டிருந்தார். கேள்வி கேட்டது மண்டபத்தில். பதில் சொல்வது கிச்சனும் கார்பார்க்கும். அவர் ஒன்றும் முட்டாள் இல்லை. முகம் சிவந்து, பிறகு தலை குனிந்தது. கடைசியில் அவரே பொத்தானை அழுத்திப் பேசினார். இந்தத் தடவை வேண்டுமென்றே அழுத்தினார்.

"எல்லாருக்கும் சொல்லிக்கறேன். அடுத்த வருஷமும் செட்டு பொறுப்பு தவளை அண்ணேதான். ஷா ஆலம்ல நான் பேசிக்கறேன்." பிறகு கருவியை நீட்டினார். "அண்ணே, நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க."

அண்ணன் வாங்கிப் பொத்தானை அழுத்தினார். நாற்பது பேரும் காத்திருந்தோம். பேச்சு வரவில்லை. நான் சத்தத்தை முழுக்கக் கூட்டிக் காதோடு வைத்துக்கொண்டேன். எங்கள் தவளை அண்ணன் மூக்கை உறிஞ்சுவதும் விசும்புவதும் தெளிவாக வந்தது. ஆனால் அன்றிலிருந்து இன்றுவரை யார் கேட்டாலும் நாங்கள் சொல்வது ஒன்றுதான், அதுவும் எங்களுக்குக் கேட்கவில்லை.